பிரிந்த பெற்றோரும் பிள்ளைகளின் நலனும்



கணவனும் மனைவியும் பிரிந்த பின் பிள்ளை யாரிடம் இருப்பது என்ற கேள்வியோடு சிலர் மறைமாவட்டத் திருமணத் தீர்ப்பாயத்திற்கு வருகின்றனர். திருமணம் செல்லுமா என்பதையே தீர்ப்பாயம் ஆராய்கிறது. பிள்ளையின் பொறுப்பை ஒப்படைப்பதும், மற்றவர் பிள்ளையைச் சந்திக்கும் நாளையும் நேரத்தையும் குறிப்பதும் குடும்பநல நீதிமன்றத்தின் பணி. கிறிஸ்தவர்களுக்கு 1869-ஆம் ஆண்டின் விவாகரத்துச் சட்டம் இதற்கு வழிசெய்கிறது.

அந்த ஆணையை மாற்ற முடியுமா? முடியும். ஒரு கிறிஸ்தவத் தம்பதியரின் வழக்கில் 1973-இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. இத்தகைய ஆணைகள் இறுதியானவை அல்ல. சூழ்நிலை மாறினால் மாற்றலாம். ஆனால் அந்த மாற்றம் பிள்ளையின் நலனுக்குத் தேவை என்று நிரூபிக்க வேண்டும். வெளியூர் வேலை, நீண்ட நோய், வளர்ந்த பிள்ளையின் விருப்பம் ஆகியவற்றைச் சொல்லி மனு செய்யலாம். துணைவர் மேலுள்ள கோபம் அதற்குக் காரணமாகாது.

புதிய ஆணை வரும்வரை பழைய ஆணை இருவரையும் கட்டுப்படுத்தும். "ஜீவனாம்சம் தரவில்லை, பிள்ளையைக் காட்டமாட்டேன்" என்பதும், "பிள்ளையைக் காட்டவில்லை, பணம் தரமாட்டேன்" என்பதும் தவறு. அவை தனித்தனிக் கடமைகள். ஞாயிறு சந்திப்பைத் தடுக்க மறைக்கல்வி வகுப்பைச் சாக்காகச் சொல்வதும் முறையல்ல.

ஆணையை மற்றவர் மீறினால், பள்ளி வாசலிலிருந்து பிள்ளையைத் தூக்கிச் செல்லாதீர்கள். ஆணையை நிறைவேற்றித் தருமாறு குடும்பநல நீதிமன்றத்திலேயே மனு செய்யுங்கள். வேண்டுமென்றே மீறுவது நீதிமன்ற அவமதிப்பு வரை செல்லக்கூடும். சந்திப்பின்போது அடி, குடிபோதை போன்ற ஆபத்து இருந்தால், மறைக்காமல் உடனே நீதிமன்றத்தில் சொல்லுங்கள். சந்திப்பை நிறுத்தவோ, வேறொருவர் முன்னிலையில் நடத்தவோ அதற்கு அதிகாரம் உண்டு. வழக்கறிஞர் வைக்க வசதியில்லையா? மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் பெண்களும் குழந்தைகளும் வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி பெறலாம்.

தம்பதியர் பிரிந்தாலும், பிள்ளைகளின் பராமரிப்புக்கும் கல்விக்கும் தக்க ஏற்பாடு செய்யப்பட வேண்டும் என்கிறது திருச்சபைச் சட்டம் 1154. பெற்றோரின் கடமை பிரிவோடு முடிந்துவிடுவதில்லை.

சாலமோன் அரசர்முன் ஒரு குழந்தைக்காக வழக்காடிய இரு பெண்களை நாம் அறிவோம் (1 அரசர் 3:16-28). குழந்தை உயிரோடிருந்தால் போதும் என்று அதை விட்டுக்கொடுக்கத் துணிந்தவரே உண்மையான தாய். நீதிமன்றப் படியேறும் பெற்றோரே, "இந்த மனு என் பிள்ளைக்காகவா, என் கோபத்துக்காகவா?" என்று இறைவன் திருமுன் ஒரு கணம் கேட்டுப்பாருங்கள்.