இந்த வேஷத்துக்கு யார்?

'ஜெய் பீம்' (2021) படம் பார்த்தவர்கள் செங்கேணியை மறந்திருக்க மாட்டார்கள். கதையின் வேர், கடலூர் மாவட்டம் முதனையைச் சேர்ந்த ராஜாக்கண்ணுவுக்கு 1993-ல் போலீஸ் காவலில் நடந்த கொடுமை. செங்கேணியாக நடித்த லிஜோமோல் ஜோஸோ கேரளப் பெண். அவரும் ராசாக்கண்ணுவாக வந்த மணிகண்டனும் படப்பிடிப்புக்கு முன்பே இருளர் மக்களோடு பழகி, எலி பிடிப்பது வரை கற்றுக்கொண்டார்கள். எஸ்.ஐ. குருமூர்த்தியாக மிரட்டிய தமிழ், காவல் துறையில் வேலை பார்த்துவிட்டு சினிமாவுக்கு வந்தவர். லத்தி பிடிக்க அவருக்கு யாரும் சொல்லித் தந்திருக்க வேண்டியதில்லை.

எந்த வேஷத்துக்கு யார் என்று ஆள் தேடிக் கொண்டுவந்து நிறுத்துவதுதான் காஸ்டிங் டைரக்டரின் வேலை. முடிவெடுப்பது இயக்குநரும் தயாரிப்பாளரும்தான். ஆனால் அவர்கள் யார் யாரிலிருந்து தேர்ந்தெடுக்கிறார்கள் என்பது இவர் கையில் இருக்கிறது.

வேலை ஸ்கிரிப்டிலிருந்து தொடங்குகிறது. ஒவ்வொரு பாத்திரத்துக்கும் வயசு, உடல்வாகு, தொழில், பேச்சு எல்லாம் குறித்துக்கொண்டு தேடல் ஆரம்பமாகும். நாடகக் குழு, தெருக்கூத்து ஜமா, கல்லூரி விழா, இப்போது இன்ஸ்டாகிராம் ரீல்ஸும். பிறகு ஆடிஷன். கேமரா முன் பெயர், வயசு, உயரம் சொல்லி, இடம் வலம் திரும்பிக் காட்டி, கொடுத்த காட்சியை நடிக்க வேண்டும். தேர்வானவர்களுக்கு லுக் டெஸ்ட். அப்புறம் சம்பளப் பேச்சு, கால்ஷீட். பாதி நேரம் போனிலேயே போய்விடும்.

தமிழ் சினிமாவில் இதை நெடுநாளாக உதவி இயக்குநர்களே இழுத்துப்போட்டுச் செய்தார்கள். கூட்டம் சேர்க்க ஜூனியர் ஆர்ட்டிஸ்ட் ஏஜென்ட் இருந்தார். ந. முத்துசாமி 1977-ல் தொடங்கிய கூத்துப்பட்டறையும் நடிகர் தேடுவோருக்கு நல்ல சுரங்கமாக இருந்தது. பசுபதி, கலைராணி, குரு சோமசுந்தரம் அங்கிருந்து வந்தவர்கள். விஜய் சேதுபதி அங்கே கணக்கு எழுதியவர்.

கடலூர்ப் பக்கத்துக் கதை என்றால் தேடல் இன்னும் சிக்கலாகும். இங்குள்ள பேச்சுக்கு, விருத்தாசலம் பக்கத்து எழுத்தாளர் கண்மணி குணசேகரன் 'நடுநாட்டுச் சொல்லகராதி' என்று தனி அகராதியே தொகுத்திருக்கிறார். மதுரை, கோவை வழக்குபோல இது சினிமாவில் பழகிய பேச்சு அல்ல. பண்ருட்டிப் பக்கம் பத்திரக்கோட்டையில் பிறந்த தங்கர் பச்சான், 'ஒன்பது ரூபாய் நோட்டு' (2007) படத்தில் மாதவராக நிறுத்தியது கோயம்புத்தூர்க்காரர் சத்யராஜை. கொங்குத் தமிழுக்குப் பேர்போனவரை முந்திரிக்காட்டு விவசாயியாக்கியது துணிச்சல்தான். என் கணக்கில் அது பலித்தது. தங்கர் பச்சானின் 'அழகி'யில் (2002) தனலட்சுமியானவர், தமிழ்நாட்டுக்கு வெளியிலிருந்து வந்த நந்திதா தாஸ். ஆக, உள்ளூர் முகம்தான் வேண்டும் என்று சட்டம் ஏதும் இல்லை. ஆனால் ஆளைத் தேர்வதோடு பொறுப்பு முடிவதும் இல்லை: 'ஜெய் பீம்' நிஜத்தில் குறவரான ராஜாக்கண்ணுவை இருளராகக் காட்டியதும், லிஜோமோலுக்கு மேக்கப்பில் நிறம் கூட்டியதும் விமர்சனத்துக்கு உள்ளாயின.

பக்கத்திலேயே புதுச்சேரியில் படமான 'லைஃப் ஆஃப் பை' (2012) படத்துக்குச் சுமார் 3,000 பையன்களைப் பார்த்தார்கள். கடைசியில் கிடைத்த டெல்லிப் பையன் சூரஜ் சர்மா, தம்பிக்குத் துணையாக ஆடிஷனுக்கு வந்தவர்! அதிர்ஷ்டம் என்று சொல்லிவிடலாம். துணைக்கு வந்தவனையும் கேமரா முன் நிற்க வைத்தவருக்குத்தான் நான் மார்க் போடுவேன்.

இந்த வேலைக்கு அங்கீகாரம் கிடைக்க நாளானது. ஆஸ்கர் விருது 1929-லிருந்து வழங்கப்படுகிறது. நடிகர் தேர்வுக்குத் தனிப் பிரிவு என்ற அறிவிப்பு 2024 பிப்ரவரியில்தான் வந்தது; அதுவும் 2025-ல் வெளியான படங்களிலிருந்து.

நம் ஊர்ப் பக்கம் திரும்பினால், சிதம்பரத்தில் நாட்டியமும் நாடகமும் பழகிய பிள்ளைகளுக்குக் குறைவில்லை. பிச்சாவரத்துக்கு எம்.ஜி.ஆரின் 'இதயக்கனி' (1975) காலத்திலிருந்தே படப்பிடிப்புக் குழுக்கள் வருகின்றன. வாய்ப்பு தேடும் உள்ளூர் இளைஞர்கள் ஒன்றை மட்டும் மனதில் வைத்தால் போதும். காஸ்டிங் டைரக்டருக்குச் சம்பளம் தருவது தயாரிப்பு நிறுவனம். ரெஜிஸ்ட்ரேஷன், போர்ட்ஃபோலியோ, 'மெம்பர் கார்டு' என்று நடிக்க வருகிறவரிடம் பணம் கேட்டால், போனை வைத்துவிடலாம். தனியாக ஓட்டல் அறைக்கு வரச் சொன்னாலும் அப்படித்தான். உண்மையான அழைப்பு என்றால் நிறுவனத்தின் பெயரைச் சொல்வார்கள். அந்த அலுவலகத்துக்கே போன் போட்டு, இப்படி ஒரு படம் இருக்கிறதா என்று விசாரித்துக்கொள்ளலாம்.