விடுதலைத் தீர்ப்பும் மேல்முறையீட்டு உரிமையும்

கொலை வழக்கொன்றில் குற்றம் சாட்டப்பட்டவரை அமர்வு நீதிமன்றம் விடுதலை செய்யும்பொழுது, இறந்தவரின் குடும்பத்தார் தமக்கு நீதி கிட்டவில்லை என்று எண்ணுகின்றனர். விடுதலை பெற்றவரோ, தம் நெடுநாளைய துன்பம் அன்றோடு தீர்ந்தது என்று கருதுகிறார். இவ்விருவர் நிலையையும் சட்டம் ஒருசேர எண்ணிப் பார்த்தல் வேண்டும். இதற்கென வகுக்கப்பட்ட ஏற்பாடே விடுதலைத் தீர்ப்பின்மீதான மேல்முறையீடாகும்.

அமெரிக்காவில் விடுதலைத் தீர்ப்பை எதிர்த்து அரசு மேல்முறையீடு செய்ய இயலாது. நம் நாட்டிலோ 1872-ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டம் முதற்கொண்டே அரசுக்கு இவ்வுரிமை உண்டு. 1973-ஆம் ஆண்டுச் சட்டத்தில் 378-ஆவது பிரிவாக இருந்த இவ்விதி, 2024 ஜூலை 1 முதல் நடைமுறையிலுள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 419-ஆவது பிரிவாக அமைந்துள்ளது. ஒரே குற்றத்திற்காக ஒருவர்மீது ஒரு முறைக்கு மேல் வழக்குத் தொடர்ந்து தண்டித்தலாகாது என்று அரசியலமைப்பின் 20(2)-ஆவது உறுப்பு கூறுகிறது. இதற்கு மேல்முறையீடு முரண்பட்டதன்று. அது புதிய வழக்கல்ல, பழைய வழக்கின் தொடர்ச்சியே.

மேல்முறையீடு செய்வோர் யார்?

கொலை வழக்குகளை விசாரிப்பது அமர்வு நீதிமன்றமாதலால், மேல்முறையீடு உயர்நீதிமன்றத்திற்குச் செல்கிறது. மாநில அரசு தன் அரசு வழக்கறிஞரைப் பணித்து 90 நாட்களுக்குள் இதனைத் தாக்கல் செய்தல் வேண்டும். மத்தியப் புலனாய்வுத் துறை விசாரித்த வழக்குகளில் மத்திய அரசும் இவ்வாறு செய்யலாம். அரசின் மேல்முறையீட்டை விசாரணைக்கு ஏற்க உயர்நீதிமன்றத்தின் முன் அனுமதி தேவை. அனுமதியை மறுக்கும் நீதிமன்றம் அதற்கான காரணங்களைக் கூறுதல் வேண்டும்.

போலீசார் தொடுத்த வழக்கில், இறந்தவரின் குடும்பத்தாருக்கு முன்னர் மேல்முறையீட்டு உரிமை இருந்ததில்லை. அரசு வாளாவிருந்தால் அவர்கள் சீராய்வு மனு ஒன்றே செய்ய இயன்றது. சீராய்வில் விடுதலையை நேரடியாகத் தண்டனையாக மாற்ற இயலாது; மறுவிசாரணைக்கு ஆணையிடலாம், அவ்வளவே. இக்குறையை நீக்கிய சட்டத் திருத்தம் 2009 டிசம்பர் 31 அன்று நடைமுறைக்கு வந்தது. பாதிக்கப்பட்டவரும், அவருடைய சட்டபூர்வ வாரிசுகளும் தாமே மேல்முறையீடு செய்யலாம் என்றாயிற்று. அவர்களுக்கு முன் அனுமதி தேவையில்லை என்று உச்ச நீதிமன்றம் 2018-இல் தீர்ப்பளித்தது.

ஆய்வின் எல்லை

உயர்நீதிமன்றம் சாட்சியங்கள் அனைத்தையும் மீண்டும் ஆராயலாம். விடுதலையை நீக்கித் தானே தண்டனையும் விதிக்கலாம். எனினும், இவ்வதிகாரத்தைப் பயன்படுத்தும் முறையை 1934-இல் சிவ ஸ்வரூப் வழக்கில் பிரிவி கவுன்சில் வகுத்துரைத்தது. சாட்சிகளின் நம்பகத்தன்மை பற்றி விசாரணை நீதிபதி கொண்ட கருத்து, குற்றம் சாட்டப்பட்டவர் குற்றமற்றவர் என்னும் அனுமானம், சந்தேகத்தின் பலனைப் பெற அவருக்குள்ள உரிமை, சாட்சிகளை நேரில் கண்ட நீதிபதியின் முடிவை எளிதில் மாற்றாத நிதானம் ஆகிய நான்கிற்கும் உரிய மதிப்பளித்தல் வேண்டும்.

சந்திரப்பா வழக்கில் 2007-இல் உச்ச நீதிமன்றம் இதனை மேலும் தெளிவாக்கியது. குற்றமற்றவர் என்னும் அனுமானம் விடுதலைத் தீர்ப்பினால் மேலும் வலுப்பெறுகிறது. சாட்சியங்களிலிருந்து நியாயமான இரு முடிவுகள் பிறக்குமாயின், விசாரணை நீதிமன்றம் கொண்ட முடிவை மேல்முறையீட்டு நீதிமன்றம் மாற்றலாகாது. அவ்வழக்கில் உயர்நீதிமன்றம் அளித்த தண்டனை நீக்கப்பட்டு, விடுதலையே நிலைநிறுத்தப்பட்டது.

இதற்கு மறுதலையான எடுத்துக்காட்டு, டெல்லியில் 1996-இல் சட்ட மாணவி ஒருவர் கொலையுண்ட வழக்கு. விசாரணை நீதிமன்றம் 1999 டிசம்பரில் குற்றம் சாட்டப்பட்டவரை விடுதலை செய்தது. மத்தியப் புலனாய்வுத் துறை 2000-இல் மேல்முறையீடு செய்தது. விசாரணை நீதிமன்றம் தள்ளிய மரபணுச் சோதனை முடிவையும் பிற சூழ்நிலைச் சாட்சியங்களையும் டெல்லி உயர்நீதிமன்றம் ஏற்று, 2006 அக்டோபரில் மரண தண்டனை விதித்தது. உச்ச நீதிமன்றம் 2010-இல் குற்றத்தீர்ப்பை உறுதி செய்து, தண்டனையை ஆயுள் சிறையாகக் குறைத்தது. விடுதலைக்கும் குற்றத்தீர்ப்புக்கும் இடையே ஏறத்தாழ ஏழாண்டுகள் கழிந்தன.

பாதுகாப்பும் பொறுப்பும்

விடுதலையை மாற்றி உயர்நீதிமன்றம் மரண தண்டனையோ, ஆயுள் தண்டனையோ, பத்தாண்டுக்குக் குறையாத சிறையோ விதித்தால், தண்டனை பெற்றவர் உச்ச நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்வது அவரது உரிமையாகும். முதன்முறையாகக் குற்றவாளி என உரைக்கப்பட்டவருக்கு மேலும் ஒரு நீதிமன்றத்தை அணுகும் வாய்ப்பு இதனால் உறுதியாகிறது.

எனவே, தீர்ப்பு தமக்கு உகந்ததாக இல்லை என்பது மட்டும் மேல்முறையீட்டுக்குக் காரணமாகாது. முக்கியச் சாட்சியத்தை நீதிமன்றம் கருதாமல் விட்டதா, சட்டத்தைப் பிழையாகப் பொருத்தியதா, அறிவுக்கொவ்வாத முடிவுக்கு வந்ததா என்பனவற்றை அதிகாரிகள் ஆராய்தல் வேண்டும். புலன்விசாரணையில் நேர்ந்த குறையை மேல்முறையீடு ஈடுசெய்யாது. சம்பவ இடத்தில் திரட்டாத தடயத்தை உயர்நீதிமன்றத்தில் தேட இயலாது. தகுதியுள்ள வழக்கில் 90 நாள் கெடுவைத் தவறவிடுவதும், தகுதியற்ற வழக்கில் விடுதலை பெற்றவரை மீண்டும் பல்லாண்டு அலைக்கழிப்பதும் நீதிக்கு இழைக்கப்படும் தீங்குகளே. முன்னதில் இறந்தவரின் குடும்பம் துன்புறுகிறது. பின்னதில் குற்றமற்றவர் ஒருவர் துன்புற நேரிடலாம்.