எழுத்தை நம்பிய நியாயவாதி
தந்தை செல்வாவின் வாழ்க்கை

யாழ்ப்பாணத்து வீடுகளிலே பெட்டகத்தின் அடியிற் பத்திரமாகக் கிடப்பது காணி உறுதி. நொத்தாரிசு முன்னிலையிற் பாட்டன் இட்ட கையொப்பம் பேரனையுங் கட்டும் என்பது எங்கள் குடும்பங்களின் நம்பிக்கை. அந்த நம்பிக்கையே தொழிலாக வாழ்ந்த நியாயவாதி ஒருவர், அதே நம்பிக்கையோடு அரசியலிலும் புகுந்தார். இரண்டு பிரதமர்களோடு ஒப்பந்தம் எழுதினார். இரண்டும் நிறைவேறவில்லை. அவரே தமிழ் மக்கள் 'தந்தை செல்வா' என்று அன்போடு அழைத்த எஸ். ஜே. வி. செல்வநாயகம்.

தெல்லிப்பழைச் சிறுவன்

அவர் பிறந்தது யாழ்ப்பாணத்திலன்று. மலாயாவின் ஈப்போ நகரில், 1898 மார்ச் 31 ஆம் நாள். யாழ்ப்பாணத்து வாலிபர் பலர் பிழைப்புத் தேடிக் கப்பலேறி மலாயாவுக்குச் சென்ற காலம் அது. நான்கு வயதளவிலே தாயாருடன் தெல்லிப்பழைக்கு வந்து சேர்ந்தார். தெல்லிப்பழை யூனியன் கல்லூரி, யாழ்ப்பாணம் பரி. யோவான் கல்லூரி, கொழும்புப் பரி. தோமஸ் கல்லூரி ஆகியவற்றிற் கற்றார். பிற்காலத்திற் பிரதமரான எஸ். டபிள்யூ. ஆர். டி. பண்டாரநாயக்கா பரி. தோமஸ் கல்லூரியில் அவர் காலத்து மாணவர்.

இலண்டன் சர்வகலாசாலையின் விஞ்ஞானப் பட்டத்தை வெளிவாரியாகப் பெற்று ஆசிரியரானார். அந்நாளிற் சகோதரர் கடும் நோயுற்றார். பார்க்கச் செல்ல விடுமுறை கேட்டார், கிடைக்கவில்லை. அவர் வாதாடவில்லை, வேலையையே துறந்தார். பின்னர் வெஸ்லிக் கல்லூரியில் விஞ்ஞானம் கற்பித்துக்கொண்டே சட்டமும் பயின்றார். 1923 இல் அப்புக்காத்தாகப் பதிவுபெற்றார்.

தாழ்ந்த குரல்

குறுக்கு விசாரணையாலும் நாவன்மையாலும் நீதிமன்றத்தை அதிரவைத்தவர் ஜி. ஜி. பொன்னம்பலம். செல்வநாயகம் அவருக்கு நேர்மாறானவர். மெலிந்த உடல், தாழ்ந்த குரல். அவருடைய துறை சிவில் வழக்கு. அங்கே முழக்கத்துக்கு வேலையில்லை. உறுதியின் ஒவ்வொரு சொல்லையும் நிறுத்துப் பார்க்கும் பொறுமைக்கே வேலை. அப்பொறுமை 1947 இல் அவருக்கு மன்னரின் வழக்கறிஞர் என்ற உயர்பதவியைத் தேடித் தந்தது.

அதே ஆண்டில், தொழிலின் உச்சியில் நின்றவர், தமிழ்க் காங்கிரஸ் வேட்பாளராகக் காங்கேசன்துறைத் தொகுதியில் வென்று பாராளுமன்றம் சென்றார். அடுத்த ஆண்டிற் பிரசாவுரிமைச் சட்டம் வந்தது. மலையகத் தோட்டங்களில் உழைத்த இந்திய வம்சாவளித் தமிழரிற் பெரும்பாலோர் அதனால் நாடற்றவராயினர். அவ்வாண்டிலேயே பொன்னம்பலம் அரசாங்கத்தில் அமைச்சரானார். செல்வநாயகம் உடன்செல்ல மறுத்தார். கு. வன்னியசிங்கம், டாக்டர் இ. மு. வி. நாகநாதன் முதலியோருடன் 1949 டிசம்பர் 18 ஆம் நாள் இலங்கைத் தமிழரசுக் கட்சியைத் தொடக்கினார். 1952 தேர்தலில் மக்கள் அவரைத் தோற்கடித்தனர். கட்சிக்குக் கிடைத்தவை இரண்டே இடங்கள். 1956 இல் மொழிப் பிரச்சினை மூண்டபோது அதே மக்கள் அவரை மீண்டும் அனுப்பினர். கட்சி பத்து இடங்களை வென்றது.

கிழிந்த கடதாசிகள்

1956 ஜூன் 5 ஆம் நாள், சிங்களம் மட்டும் சட்ட மசோதாவை எதிர்த்துக் காலிமுகத்திடலில் அமைதியாக அமர்ந்திருந்த சத்தியாக்கிரகிகள் தாக்கப்பட்டனர். அவர்கள் திருப்பி அடிக்கவில்லை. அடுத்த ஆண்டு, 1957 ஜூலை 26 ஆம் நாள், பண்டாரநாயக்காவும் செல்வநாயகமும் ஒப்பந்தம் செய்தனர். வடக்கு கிழக்கிலே பிரதேச சபைகள் அமையும். விவசாயம், கல்வி, சுகாதாரம், காணி, குடியேற்றம் ஆகியவை அவற்றின் பொறுப்பாகும். அங்கே நிருவாகம் தமிழில் நடைபெறும் என்பன அதன் சாரம். அதனை ஏற்றுத் தமிழரசுக் கட்சி தான் திட்டமிட்டிருந்த சத்தியாக்கிரகத்தைக் கைவிட்டது.

ஆண்டு ஒன்று கழியுமுன், 1958 ஏப்ரில் 9 ஆம் நாள், பிக்குமார் பலர் கொழும்பிலே பிரதமரின் இல்லத்து முற்றத்தில் அமர்ந்தனர். ஒப்பந்தம் கைவிடப்பட்டது என்று எழுத்திலே வாங்கிய பின்னரே எழுந்து சென்றனர். எழுதியதை எழுத்தாலேயே அழித்த நாள் அது. அடுத்த மாதத்தில் இனக்கலவரம் நாட்டைச் சுட்டது.

1961 பெப்ரவரி 20 இல் யாழ்ப்பாணக் கச்சேரி முன்றலிற் சத்தியாக்கிரகம் தொடங்கியது. ஏப்ரிலில் அவசரகாலச் சட்டத்தின் கீழ்த் தலைவர்கள் தடுத்துவைக்கப்பட்டனர். அதன் பின்னரும் செல்வநாயகம் எழுத்தில் நம்பிக்கை இழக்கவில்லை. 1965 மார்ச் 24 இல் டட்லி சேனநாயக்காவோடு மற்றோர் ஒப்பந்தம் செய்தார். அதிற் கூறப்பட்ட மாவட்ட சபைகளும் எதிர்ப்பினாற் கைவிடப்பட்டன. 1968 இல் தமிழரசுக் கட்சி அரசாங்கத்திலிருந்து விலகியது.

மக்கள் மன்றம்

உறுதி மீறப்பட்டால் வழக்காடலாம். பிரதமர் தம் ஒப்பந்தத்தை மீறினால் எந்த நீதிமன்றத்துக்குப் போவது? இக்கேள்விக்குச் செல்வநாயகம் கண்ட விடை 1972 இல் வெளிப்பட்டது. அவ்வாண்டுக் குடியரசு அரசியலமைப்பைத் தமிழ் மக்கள் ஏற்கவில்லை என்று கூறி, அக்டோபர் 3 ஆம் நாள் தம் பாராளுமன்ற ஆசனத்தைத் துறந்தார். முடியுமானால் தம்மோடு போட்டியிட்டு மக்கள் தீர்ப்பைப் பெறும்படி அரசாங்கத்தை அழைத்தார். விடுமுறை மறுக்கப்பட்டபோது வேலையைத் துறந்த அதே ஆசிரியரை இங்கே காண்கிறோம்.

இடைத்தேர்தல் இரண்டாண்டுக்கு மேல் தாமதித்து 1975 பெப்ரவரி 6 இலேயே நடைபெற்றது. எழுபத்தாறு வயது; நடுக்க நோய்; காதும் நன்கு கேளாது. ஆயினும் பதினாறாயிரத்துக்கும் மேற்பட்ட வாக்குகளால் வென்றார். 1976 மே மாதத்தில், அவர் தலைமையிலே கூடிய தமிழர் விடுதலைக் கூட்டணியின் மாநாடு தனியரசு கோரும் வட்டுக்கோட்டைத் தீர்மானத்தை நிறைவேற்றியது. சமஷ்டி கேட்டே கால் நூற்றாண்டைக் கழித்தவருக்கு அது எளிதான முடிவாயிருந்திராது. 1977 ஏப்ரில் 26 ஆம் நாள் காலமானார்.

அதன் பின் வந்தது நீண்ட போர். மாகாண சபைகள் சட்டமானது 1987 இல். முதல் ஒப்பந்தம் எழுதப்பட்டு முப்பது ஆண்டுகள் கழிந்திருந்தன. இடையிற் சிந்திய இரத்தத்தை எந்தச் சட்டத்தாலும் மீட்க முடியவில்லை.

சைவர்களே மிகுதியாக வாழ்ந்த தொகுதி, கிறிஸ்தவரான அவரைத் தந்தையென்று ஏற்றது. யாழ்ப்பாணப் பொது நூலகத்துக்கு அண்மையில் அவர் நினைவுத் தூண் உயர்ந்து நிற்கிறது. நூலகத்துக்குச் செல்லும் மாணவர்கள் அதன் நிழலில் ஒரு கணம் நின்று எண்ணிப் பார்க்கலாம். செல்வநாயகம் தோற்றது தம் வழக்கு பிழையானதனாலன்று. எழுதிய சொல்லைக் காக்கும் மனம் எழுதிய கைக்கு இல்லாதபோது மிகச் சிறந்த நியாயவாதியுந் தோற்பான். அந்தத் தோல்வியின் விலையை மட்டும், கையொப்பம் இட்டவர்களல்லர், அவர்களுக்குப் பின் பிறந்த பிள்ளைகளே கொடுத்தார்கள்.