நியூயார்க்கின் நடுவே ஒரு வனம்

நியூயார்க் என்றதும் வானளாவிய மாளிகைகளே நம் மனக்கண்முன் தோன்றும். ஆனால், அம்மாநகரின் நடுவே 843 ஏக்கர் விஸ்தீரணத்தில் 'ஸென்ட்ரல் பார்க்' என்னும் பூங்கா பரந்து கிடக்கிறது. அதைச் சுற்றிப் பார்க்க, வாடகைச் சைக்கிளில் ஏறி வழிகாட்டியின் பின்னே செல்வதே உசிதம். சுற்றுச் சாலை ஏறக்குறைய 6 மைல். யாவரும் இடஞ்சுழியாகவே செல்லவேண்டும். 2018 முதல் அதில் மோட்டார் கார்களுக்கு இடமில்லை.

ஏரியும் ஓடையும் இயற்கையானவை என்றே தோன்றும். உண்மையில் பெரும்பாலும் மனிதன் அமைத்தவை. 1858-ல் நடந்த போட்டியில் ஓம்ஸ்டெட், வாக்ஸ் என்னும் இருவரின் திட்டம் வென்றது. பூங்காவின் குறுக்கே செல்லும் நான்கு சாலைகளை அவர்கள் பள்ளத்தில் இறக்கி அமைத்தார்கள். நகரத்தின் வண்டிகள் ஓய்வின்றி ஓடினாலும் பூங்காவின் காட்சி குலைவதில்லை. என்ன அழகான யுக்தி!

வடகோடியில் ஹார்லெம் மேட்டை ஏறும்போது மூச்சு வாங்கும். அதைக் கடந்து மேற்குப் பக்கமாகத் திரும்பி வருகையில், அவசியம் இறங்கி நிற்கவேண்டிய இடம் ஒன்று உண்டு. அங்கேதான் ஸெனெகா கிராமம் இருந்தது. அதன் குடிகளில் பெரும்பாலோர் சுதந்திரமான கறுப்பின மக்கள். சொந்த வீடு, மாதா கோயில், பள்ளிக்கூடம் எல்லாம் அவர்களுக்கு இருந்தன. 250 டாலர் சொத்தில்லாத கறுப்பருக்கு அக்காலத்தில் அங்கே வாக்குரிமை கிடையாது; ஆகையால் நிலமே அவர்களுடைய உரிமைச் சீட்டு. 1857-ல் பூங்காவுக்காக அக்கிராமம் அகற்றப்பட்டது. ஈட்டுப் பணம் கொடுத்தார்கள். ஊரைத் திருப்பிக் கொடுக்க முடியுமா?

ஊருக்குப் பொதுவான நிழல் உத்தமமானதே. அந்நிழலுக்காக வெயிலில் நின்றவர்களையும் நாம் மறக்கலாகாது.