கிழமை மாறாத நாட்காட்டி

உங்கள் பிறந்த நாள் ஆண்டுதோறும் ஒரே கிழமையில் வருவதில்லை. ஏன்? 365-ஐ 7-ஆல் வகுத்தால் மீதி 1. அந்த ஒரு நாளே கிழமையைத் தள்ளுகிறது.

ஆங்கில எழுத்தாளர் டோல்கீன் 1955-இல் தம் கற்பனை நாவலின் இறுதிப் பாகத்தில் இதற்கொரு வழி காட்டினார். அவர் படைத்த ஹாபிட் மக்களுக்கு 12 மாதங்கள். ஒவ்வொன்றும் 30 நாட்கள். மாதங்களில் சேராத நாட்கள் 5. அவற்றுள் ஆண்டின் நடுநாளுக்குக் கிழமையே இல்லை! எஞ்சிய 364 நாட்கள் சரியாக 52 வாரங்கள். லீப் ஆண்டின் மிகைநாளுக்கும் கிழமை கிடையாது. ஆகவே ஒரு தேதிக்கு என்றும் ஒரே கிழமைதான்.

இதே உத்தியைக் கொண்ட உலக நாட்காட்டித் திட்டத்தை 1953-இல் இந்தியா ஐ.நா.வில் முன்மொழிந்தது. கிழமையற்ற நாள் குறுக்கிட்டால் வாராந்தர வழிபாடு எட்டாம் நாளுக்குத் தள்ளிப்போகுமே எனச் சமயத்தார் பலர் எதிர்த்தனர்; திட்டம் நிறைவேறவில்லை. நாட்காட்டிக்குக் கணக்கு மட்டும் ஒத்துவந்தால் போதாது. மக்களும் ஒத்துக்கொள்ள வேண்டும்.