கடலிலிருந்து சட்டசபைக்கு

காவிரியில் புது வெள்ளம் வந்துவிட்டால் ஸ்ரீரங்கத்து அம்மா மண்டபப் படித்துறையில் பையன்கள் செய்கிற அட்டகாசம் நேயர்கள் அறிந்ததே. படியின் விளிம்பில் நின்று காலை உந்துவார்கள். ஆகாயத்தில் ஒரு குட்டிக்கரணம். அடுத்த கணம் 'தொபீர்' என்று ஜலத்துக்குள் மறைந்துவிடுவார்கள். ஸங்கல்பம் சொல்லிக்கொண்டிருக்கும் பெரியவர்மீது ஜலம் தெறிக்கும். வசவு விழும். மறுபடியும் குதிப்பார்கள். இதே காரியத்தை மூன்று மீட்டர் உயரத்தில் நீட்டியிருக்கும் துள்ளுபலகையிலிருந்து இலக்கணம் பிசகாமல் செய்தால் அதற்கு ஒலிம்பிக் பந்தயத்தில் தங்கப் பதக்கம் கொடுக்கிறார்கள். நம் தேசத்திலும் அந்த வித்தையில் வல்லவர்கள் இருந்திருக்கிறார்கள். 1951-ம் ஆண்டில் புது டில்லியில் நடந்த முதல் ஆசிய விளையாட்டுப் பந்தயத்தில் கே. பி. தாக்கர் துள்ளுபலகை, உயர்மேடை ஆகிய இரண்டிலும் முதற் பரிசு பெற்றார்.

துள்ளுபலகையிலிருந்து நேரே அரசியலில் குதித்தவரைப் பார்க்க வேண்டுமானால் மெக்ஸிகோவுக்குப் போகவேண்டும். மெரிதா நகரத்து ரோமெல் பாசெக்கோ 2016-ம் ஆண்டில் ரியோ நகரில் நடந்த உலகக் கோப்பைப் பந்தயத்தில் மூன்று மீட்டர் பலகையில் முதல்வராக வந்தார். அப்போது சர்வதேச நீச்சல் சங்கத்துக்கும் மெக்ஸிகோ சங்கத்துக்கும் பண விஷயமாக ஒரு தகராறு. அதனால் அவருடைய தேசக்கொடி ஏறவில்லை. தேசிய கீதமும் முழங்கவில்லை. சர்வதேச சங்கத்தின் கீதத்தை வாசித்தார்கள். மேடையில் நின்ற பாசெக்கோ அதை லட்சியம் செய்யாமல் தம் நாட்டுக் கீதத்தைத் தாமே பாடினார்! 2021-ல் அவரை ஜனங்கள் பார்லிமெண்டுக்கு அனுப்பினார்கள். பிறகு கட்சி மாறினார். 2024-ல் மெரிதா நகரத் தலைமைக்குப் போட்டியிட்டுத் தோற்றார். அதே ஆண்டில் தேசிய விளையாட்டுத் துறையின் தலைமைப் பதவி அவரைத் தேடி வந்தது. மேடையில் தனியாகப் பாடிய குரலைக் கட்சிக் கூட்டத்தில் கேட்டவர்கள் என்ன நினைத்தார்களோ!

நம் தேசத்தில் ஜலத்திலே கீர்த்தி பெற்றுச் சட்டசபைக்குச் சென்றவர் ஒரு பெண்மணி. வங்காளத்துப் புலா சௌதுரிதான் அவர். 1970-ம் ஆண்டில் ஹூக்ளி ஜில்லாவில் பிறந்தவர். ஒன்பதாவது வயதில் தேசியப் பந்தயத்துக்குப் போய், தம் வயதினருக்கு ஏற்பட்ட ஆறு போட்டிகளில் ஆறு தங்கப் பதக்கங்களையும் வாரிக்கொண்டு வந்தார். 1990-ல் அர்ஜுனா விருது. 1991-ல் கொழும்பில் நடந்த தெற்காசியப் பந்தயத்தில் மீண்டும் ஆறு தங்கம். இவ்வளவோடு நின்றிருந்தாலே போதும், பிரசித்தி குறைந்திராது. ஆனால் குளத்தில் நீந்துவது அவருக்கு அலுத்துவிட்டது போலும்!

வங்காளிகளுக்குக் கடலை நீந்தும் பைத்தியம் பழையது. 1958-ல் மிஹிர் ஸென் இங்கிலீஷ் கால்வாயை நீந்தினார். அடுத்த ஆண்டு ஆகஸ்டில் ஆரதி ஸாஹா முயன்று தோற்று, செப்டம்பரில் மறுபடி இறங்கி வென்றார். ஆசிய ஸ்திரீகளில் அதைச் சாதித்தவர் அவரே முதல்வர். கால்வாயின் குறுக்களவு சுமார் 33 கிலோ மீட்டர்தான். ஆனால் ஏற்றவற்றத்தின் வேகம் நீந்துகிறவரைப் பக்கவாட்டில் இழுத்துக்கொண்டு போவதால் வளைந்து வளைந்தே அக்கரை சேரவேண்டும். சாதாரண நீச்சல் உடைதான் அணியலாம். கூட வரும் படகைத் தொடக்கூடாது. தொட்டால் அதுவரை நீந்தியதெல்லாம் வீண். ஆகாரத்தைக் கம்பில் கட்டி நீட்டுவார்கள். எலும்பைத் துளைக்கும் குளிர் வேறே. இந்தக் கால்வாயைப் புலா 1989-ல் ஒரு முறையும் 1999-ல் மற்றொரு முறையும் கடந்தார். நடுவில், 1996-ல், முர்ஷிதாபாத்தில் பாகீரதி நதியில் நடக்கும் 81 கிலோ மீட்டர் பந்தயத்திலும் வென்றார். நம் ஊர்க் கணக்கில் சொன்னால், திருச்சியில் இறங்கித் தஞ்சாவூரையும் தாண்டிப் போகிற தூரம்.

பிறகு ஜிப்ரால்டர் ஜலசந்தி, இத்தாலியின் டிரேனியக் கடல், கிரீஸ் தேசத்து டொரோனியோஸ் வளைகுடா, கலிபோர்னியாவின் காட்டலீனா கால்வாய், நியூஸீலந்தின் குக் ஜலசந்தி என்று ஒன்றன்பின் ஒன்றாகக் கடந்தார்.

2004-ம் ஆண்டில் அவர் நம் வாசலுக்கே வந்தார். தலைமன்னாரில் இறங்கித் தனுஷ்கோடியில் கரையேறினார். ஏறத்தாழ 14 மணி நேரம்! அந்தக் கடலைப்பற்றித் திருச்சிவாசிகளுக்கு அதிகம் சொல்ல வேண்டியதில்லை. ஒரு காலத்தில் திருச்சி ஜங்ஷனில் 'போட் மெயில்' ஏறித் தனுஷ்கோடி போய், அங்கே கப்பல் மாறித் தலைமன்னாரில் இறங்கிக் கொழும்புக்கு ரயில் பிடித்த குடும்பங்கள் எத்தனையோ உண்டு. 1964 டிஸம்பர் மாதத்துப் புயல் தனுஷ்கோடியைத் துடைத்துவிட்டுப் போனதிலிருந்து அந்தப் பிரயாணம் பாட்டிமார் சொல்லும் கதையாயிற்று. கப்பல் நின்றுபோன வழியில் மனிதர்கள் கையாலும் காலாலும் போய்வந்தார்கள். அதற்கும் முன்பே, 1954-ல், நவரத்தினசாமி என்னும் யாழ்ப்பாணத்துத் தமிழர் இந்த ஜலசந்தியை நீந்தி வழிகாட்டியிருந்தார். மிஹிர் ஸென் 1966-ல் வந்தார். வல்வெட்டித்துறை ஆழிக்குமரன் ஆனந்தன் 1971-ல் போகவும் வரவுமாக ஒரே மூச்சில் நீந்தினார். அந்த வீரர் 1984-ல் இங்கிலீஷ் கால்வாயில் உயிர் துறந்ததை நினைத்தால் இன்றும் மனம் கனக்கிறது. ஈரோட்டுச் சிறுவன் குற்றாலீசுவரன் 1994-ல் பாக் ஜலசந்தியை நீந்தியபோது அவனுக்கு வயது பன்னிரண்டு. இந்த வரிசையில்தான் புலா சௌதுரியும் வந்து சேர்ந்தார்.

மறு ஆண்டு தென் ஆப்பிரிக்காவில் கேப் டவுன் கரையிலிருந்து ராபன் தீவுக்கு நீந்தினார். நெல்ஸன் மண்டேலா தமது 27 வருஷச் சிறைவாசத்தில் 18 வருஷங்களைக் கழித்த தீவு அது. அந்தக் குளிர்ந்த கடலைச் சுமார் மூன்றரை மணி நேரத்தில் கடந்தார். ஐந்து கண்டங்களின் கடல்களை நீந்திய முதல் பெண்மணி என்ற பெயர் அத்துடன் அவருக்கு நிலைத்தது.

அதற்கு அடுத்த ஆண்டு, 2006-ல், மேற்கு வங்கத்தில் தேர்தல் வந்தது. மார்க்ஸிஸ்ட் கட்சி அவரை மேற்கு மேதினிபூர் ஜில்லாவில் நந்தன்பூர் தொகுதியில் நிறுத்தியது. வென்று சட்டசபை அங்கத்தினர் ஆனார். (பெயர் ஒற்றுமையால் இதை நந்திகிராமம் என்று கொண்டுவிடக் கூடாது. அது கிழக்கு மேதினிபூரில் உள்ள வேறு ஊர். 2007 மார்ச்சில் அங்கே நிலத்துக்காகப் போராடிய குடியானவர்கள்மீது துப்பாக்கிப் பிரயோகம் நடந்து 14 பேர் மாண்டார்கள். அதன் அலை வங்காளம் முழுவதையும் ஆட்டியது.) அவர் ஆளுங்கட்சி வரிசையில் உட்கார்ந்திருந்த ஐந்து வருஷமும் அந்தக் கொந்தளிப்பின் நடுவிலேதான். 2008-ல் பத்மஸ்ரீ விருது கிடைத்தது. 2011-ல் இடதுசாரிகளின் 34 வருஷ ஆட்சி கவிழ்ந்தது. அவருடைய சட்டசபை வாழ்வும் முடிந்தது. தொகுதிகளைத் திருத்தி அமைத்ததில் நந்தன்பூர் என்ற தொகுதியே இல்லாமற் போயிற்று.

புகழ் வோட்டாக மாறும் ரசவாதத்தைத் தமிழ் நாட்டாருக்கு யாரும் கற்றுக்கொடுக்க வேண்டியதில்லை. அதே 2011-ல் ஸ்ரீரங்கம் தொகுதி வாக்காளர்கள் ஒரு காலத்து வெள்ளித்திரைத் தாரகையான ஜெயலலிதாவைத் தேர்ந்தெடுத்து முதன் மந்திரியாக்கினார்கள். ஆயினும் வீரர்கள் சட்டசபைக்குப் போவதில் இரண்டு வகை உண்டென்று நமக்குத் தோன்றுகிறது. 1928-ல் ஆம்ஸ்டர்டாமில் இந்திய ஹாக்கிக் கோஷ்டிக்குத் தலைவராயிருந்த ஜெய்பால் சிங் முண்டா பிற்பாடு அரசியல் நிர்ணய சபையில் அமர்ந்தார். ஆதிவாசிகளில் ஒருவராய்ப் பிறந்து, ஆதிவாசி மகாசபையை நடத்தி, அவர்களுக்காகவே அங்கே வாதாடினார். சபையில் அவர் எழுந்து நின்றபோது ஹாக்கி மட்டையை யாரும் நினைக்கவில்லை. புலா சௌதுரி விஷயம் வேறு. அவர் ஹூக்ளிக்காரர், கட்சி கொடுத்ததோ மேதினிபூர். கட்சிக்கு வேண்டியது ஒரு பிரசித்தமான பெயர். இதில் அவரைக் குறை சொல்ல மாட்டோம். 14 மணி நேரம் உப்பு ஜலத்தில் கிடந்த பொறுமையை உபயோகித்துக்கொள்ளக் கட்சிக்குத் தெரியவில்லையே என்பதுதான் நமது ஆதங்கம். நீந்தத் தெரிந்த ஒருவர் சட்டசபையில் இருந்தால், ஜலத்தைப்பற்றி அவரையல்லவா பேசவிட வேண்டும்?

பேச விஷயமும் இருக்கிறது. திருச்சி அண்ணா விளையாட்டரங்கில் நீச்சல் குளம் உண்டு. திருச்சி ஜில்லாப் பெண்களின் உடல் வலிவைப்பற்றிச் சந்தேகமும் வேண்டாம். டோக்கியோ ஒலிம்பிக்குக்குப் போன இந்திய ஓட்டக் கோஷ்டியில் தனலட்சுமி, சுபா என்ற இருவர் இந்த ஜில்லாவினர். இருந்தும், இரண்டு ஆறுகளுக்கு நடுவில் தீவாக அமைந்த ஸ்ரீரங்கத்தில் நீந்தத் தெரிந்த பெண்கள் எத்தனை பேர்? பையன்களை வைதாலும் குதிக்க விடுகிறோம். பெண்களைப் படியில் உட்கார்த்திச் சொம்பால் மொண்டு ஊற்றிக்கொள்ளச் சொல்கிறோம். கொள்ளிடத்தில் மணல் அள்ளிய பள்ளங்கள் வெள்ளம் வரும்போது வெளியே தெரிவதில்லை. முழங்கால் ஆழம் என்று இறங்கினவர்கள் மூழ்கிப்போன செய்தியைப் பத்திரிகைகளில் அடிக்கடி பார்க்கிறோம். திருச்சி ஜில்லாவிலிருந்து சட்டசபைக்குப் போகிறவர்கள், எந்தக் கட்சியினராயினும், ஒரு கேள்வி கேட்கலாம்: இந்த ஜில்லாவில் எத்தனை பெண் பள்ளிக்கூடங்களில் நீச்சல் கற்றுக்கொடுக்கிறார்கள்? கேட்க ஒரு நிமிஷம் போதும்.