பரிசு படத்துக்கு; பெயர் யாருக்கு?

போர்க்களத்தின் செய்தியை உயிரைப் பணயம் வைத்துக் கொணர்வோரைப் பரிசளித்துப் போற்றுவது நல்ல மரபே. ஆனால், எவருடைய துன்பத்திலிருந்து அச்செய்தி பிறந்ததோ, அவரை நாம் நினைக்கிறோமா? இரண்டாம் உலக யுத்த காலத்தில், அமெரிக்காவின் கொலம்பியாப் பல்கலைக்கழகம் வழங்கும் புலிட்சர் பரிசைப் பெற்ற இருவரின் வரலாறு இவ்வினாவை நம்முன் வைக்கின்றது.

முதல்வர் ஏர்னி பைல் என்னும் நிருபர். தளபதிகளின் திட்டங்களை விடுத்து, சேற்றிற் கிடந்த காலாட்படை வீரனின் குளிரையும் களைப்பையும் எழுதியவர். 1944 இல் அவருக்குப் பரிசு கிடைத்தது. விமானப் படையினர்க்குப் பறத்தற்படி உண்டெனில், காலாட்படையினர்க்குப் போர்ப்படி வேண்டாமா என அவர் எழுதினார். அவ்வாண்டிலேயே, போரிடும் காலாட்படையினர்க்கு மாதந்தோறும் 10 டொலர் மேலதிகமாக வழங்க அமெரிக்கக் காங்கிரஸ் இசைந்தது. பரிசினும் பெரிய பேறு அதுவெனலாம். 1945 ஏப்ரில் 18 ஆம் திகதி, ஒக்கினாவாவை அடுத்த சிறு தீவொன்றில், யப்பானிய இயந்திரத் துப்பாக்கிக்கு அவர் இரையானார்.

மற்றவர் ஜோ ரோசெந்தால். கண்பார்வை குன்றியதாற் படையினர் ஏற்க மறுத்த புகைப்படக்காரர். செய்தி நிறுவனமொன்றின் சார்பிற் களஞ் சென்ற அவர், 1945 பெப்ரவரி 23 ஆம் திகதி, இவோ ஜிமாத் தீவின் மலையுச்சியில், மரைன் படையினர் அறுவர் கொடிக்கம்பத்தை நிமிர்த்திய கணத்தைப் படம்பிடித்தார். இரண்டே நாளில், ஞாயிற்றுக்கிழமைப் பத்திரிகைகளில் அப்படம் வெளிவந்து நாட்டையே உலுக்கியது. முந்திய ஆண்டின் ஆக்கங்களுக்கே பரிசளிக்கும் வழக்கத்தைத் தளர்த்தி, அவ்வாண்டிலேயே அதற்குப் பரிசு வழங்கினர்.

அறுவரின் முகங்களோ படத்திற் செவ்வனே தெரியவில்லை. அவர்களுள் மூவர் போர் முடியுமுன்னரே அத்தீவில் மாண்டனர். கம்பத்தின் அடியிற் குனிந்து, முதுகு மட்டுமே தெரிய நின்ற வீரனுக்கு அதிகாரிகள் வேறொருவர் பெயரைச் சூட்டினர். டெக்சாஸ் மாநிலத்தைச் சேர்ந்த ஒரு தாயோ, பத்திரிகையில் அம்முதுகைக் கண்டதும், அது தம் மகன் ஹார்லன் பிளொக் என்றார். அவர் சொல்லை எவரும் பொருட்படுத்தவில்லை. மகனும் களத்தில் மடிந்தான். 1947 இல்தான் அத்தாய் சொன்னதே உண்மையென மரைன் படை ஒப்புக்கொண்டது.

திருத்தம் அத்தோடு முடியவில்லை. 2016 இல் ஒரு பெயரும், 2019 இல் இன்னொரு பெயரும் மாற்றப்பட்டன. படமெடுத்தவர்க்குப் பரிசு வந்துசேரச் சில மாதங்களே சென்றன. படத்தில் நின்றவர் பெயர்கள் சரியாக 74 ஆண்டுகள் சென்றன.

பரிசளித்தது பிழையென்று நாம் கூறவில்லை. ரோசெந்தால் உயிரைப் பொருட்படுத்தாது பெற்ற பேறு அது. ஆயினும், போர்க்களப் படமொன்று இனிப் பரிசு பெறக் காணுங்கால், அதனை எடுத்தவர் பெயரோடு, அதில் நிற்பவர் பெயரையும் கேட்டறிவோமாக. அப்பெயரைக் காணவென்று எங்கோ ஒரு தாய் பத்திரிகையை விரித்துக்கொண்டிருப்பாள்.